பெயருக்குப் பின்னால் ஆறு வெற்றிடம்

"யக்கா, என் பேரு இல்லங்கிறாங்க" என்றாள் காசியம்மாள், பீங்கான் தொழிலாளர் சங்க அலுவலகத்து வாசலிலேயே நின்றுகொண்டு.

"நாந்தான பட்டியல டைப் அடிச்சேன். எப்படி இல்லாம பூடும்?" என்றாள் உள்ளே கம்ப்யூட்டர் முன்னால் இருந்த அம்புஜவல்லி.

"கம்ப்யூட்டரு சொல்லுதாம்."

"அதுக்குக் கண்ணு பூத்துப் போச்சுன்னு போயி சொல்லு."

காசியம்மாள் சிரிக்கப் போய் இருமினாள். பிறகு, "வேனு நாலு மணிக்குக் கெளம்பிடுமாம்க்கா" என்று சொல்லிவிட்டுப் போனாள்.

இந்தப் பேச்சைச் சங்கத்தில் புதிதாகச் சேர்ந்திருந்த ஜெயஸ்ரீ ஒரு சொல் விடாமல் நினைவில் வைத்திருக்கிறாள். 2006ஆம் வருடம் அது. பட்டறைத் தூசி படிந்த நெஞ்சுகளைப் படம் எடுக்க விருத்தாசலத்துக்கு எக்ஸ்ரே வேன் வந்திருந்தது. பட்டறைகள் கொடுத்த பட்டியலையும் சங்கத்தின் பட்டியலையும் வேன்காரர்களின் கம்ப்யூட்டர் ஒப்பிடும்; பட்டறைப் பட்டியலின் நகல் சங்கத்திலும் இருந்தது. இரண்டிலும் பெயர் ஒத்துப்போனால்தான் டோக்கன். காய்ந்த பீங்கான் ஃபியூஸ் கட்டைகளைச் சுரண்டி வழவழப்பாக்குவது காசியம்மாளின் வேலை. நான்கு மாதமாக அந்த இருமல்.

அம்புஜவல்லி இருபது வருடம் கோர்ட்டு வாசலில் மனு டைப் அடித்தவள். தன் மனுவில் பிழை காட்டுகிறவருக்கு டீ வாங்கித் தருவதாகச் சொல்வாள். யாரும் அந்த டீயைக் குடித்ததில்லை. பத்தி நேராக நிற்பதற்காகச் சின்னப் பெயர்களுக்குப் பின்னால் ஸ்பேஸ் தட்டி நிரப்புவது அவள் விரல்களின் பழக்கம். சங்கத்துப் பட்டியலை எக்செல்லில் அடித்தபோதும் அதையே செய்திருந்தாள்.

ஜெயஸ்ரீ காசியம்மாளின் பெயர்மேல் இரண்டு முறை சொடுக்கினாள். கர்சர் ஆறு எழுத்து தள்ளிப் போய்த் துடித்தது.

"அங்க ஒண்ணுமே இல்லியே" என்றாள் அம்புஜவல்லி.

"நமக்குத்தாங்க்கா இல்ல. அதுக்கு அதுவும் எழுத்துதான்."

முந்நூறு பெயர்கள். மணி மூன்று இருபது. அவசரத்தில் ஜெயஸ்ரீ எல்லா வெற்றிடங்களையும் ஒரேயடியாக அழித்தாள். பெயருக்கும் இனிஷியலுக்கும் நடுவே இருந்ததும் சேர்ந்து அழிந்தது. அதுவரை ஒத்துப்போன பெயர்களும் இப்போது பொருந்தாமல் விழுந்தன. அம்புஜவல்லி நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டாள்.

பட்டியலைப் பழையபடி திருப்பி, தன் கம்ப்யூட்டர் பயிற்சி நோட்டைப் புரட்டி, ஓரத்து வெற்றிடத்தை மட்டும் எடுக்கும் 'ட்ரிம்' சூத்திரத்தைத் தேடி எடுத்துப் போட்டு முடித்தபோது மணி நாலே கால். காசியம்மாளின் பெயர் பொருந்தியது. அச்செடுத்த தாளோடு ஜெயஸ்ரீ ஓடினாள். வேன் நின்ற இடத்தில் டயர்த் தடம்தான் இருந்தது. மறுபடி எப்போது வரும் என்று யாருக்கும் தெரியவில்லை. காசியம்மாள் மூன்றரைக்கே சுரண்டும் வேலைக்குத் திரும்பிவிட்டதாக டீக்கடையில் சொன்னார்கள்.

திரும்பி வந்தபோது அம்புஜவல்லி திரையைப் பார்த்தபடியே கேட்டாள்.

"பட்டறைக்கு நீ போயிட்டு வரியாம்மா? தப்பு என்னுதுன்னு சொல்லிடு. நான் போனா, அவ 'பரவால்லக்கா, அடுத்த தடவ பாத்துக்கலாம்'னுவா. அத நின்னு கேக்க எனக்குத் தெம்பு இல்ல."