நாலு மணிக்கு மூட்டிய அடுப்பு

பிரெஞ்சுப் பட்டாளத்தில் சொல்தாவாக, அதாவது சிப்பாயாக இருந்து பென்ஷனோடு பாகூர்ப் பக்கம் திரும்பிய அப்பா, சைகோனிலிருந்து கொண்டுவந்த ஒரே பழக்கம் பால் ஊற்றாத இஞ்சி டீ. ஊரில் யாரும் அதை டீ என்று ஒப்புக்கொள்ளவில்லை. அப்பாவின் அக்கா, எங்கள் அத்தை, "சாய வேட்டி அலசின தண்ணி" என்பாள்.

அம்மா போன பிறகு அதைப் போடுவது என் வேலையாயிற்று. பதினாறு வயதிலிருந்து முப்பது வரை, தினமும் சாயங்காலம் நாலு மணிக்கு. தோல் சீவிய இஞ்சியை அம்மியில் தட்டிப் போட்டு, இரண்டு டம்ளர் தண்ணீர் ஒன்றாகச் சுண்டும்வரை கொதிக்கவிட வேண்டும். வெல்லமும் ஒரு சிட்டிகை டீத்தூளும் போட்டு இறக்கி, கொஞ்சம் ஆறிய பிறகுதான் எலுமிச்சை பிழிய வேண்டும். அடுப்பில் இருக்கும்போதே பிழிந்தால் கசந்துவிடும். கசந்தால் அப்பா திட்டமாட்டார். டம்ளரைத் தள்ளி வைத்துவிடுவார். அது எனக்குத் திட்டுவதைவிட எரிச்சலாக இருக்கும்.

எழுபதுகளின் நடுவில், ஒரு மாசி மாதக் காலையில் அவர் எழுந்திருக்கவில்லை.

கூடத்தில் கிடத்தினார்கள். பெண்கள் மாரடித்து அழுதபடியே என் முகத்தைப் பார்த்தார்கள். ஒரே மகள், பாடை எழும்புவதற்குள் நான் வாய்விட்டு அழ வேண்டும். இல்லாவிட்டால், அப்பன் பென்ஷனுக்காகத்தான் கல்யாணம் பண்ணாமல் உட்கார்ந்திருந்தாள் என்று பேசுவார்கள். உலை வாயை மூடலாம், ஊர் வாயை மூட முடியுமா? எல்லாம் தெரிந்தும் கண் வறண்டு கிடந்தது. மரத்துப்போன காலைக் கிள்ளிப் பார்ப்பதுபோல என் கையைக் கிள்ளிப் பார்த்தேன். ஒன்றும் இல்லை.

கடிகாரம் நாலு அடித்தது. எழுந்து சமையலறைக்குப் போனேன். சாவு விழுந்த வீட்டில் பிணம் எடுக்கும்வரை அடுப்பு எரியக்கூடாது என்பது குழந்தைக்கும் தெரியும். நான் விறகை வைத்துப் பற்றவைத்தேன். இஞ்சி தட்டினேன். இறக்கி, ஆறவிட்டு, எலுமிச்சை பிழிந்து வடிகட்டி நிமிர்ந்தால், எதிரே அத்தை.

"இன்னாடி பண்ற?"

"டீ."

"யாருக்கு?"

"அப்பாவுக்கு."

சொன்ன பிறகுதான் கூடத்தில் கிடப்பது யார் என்று புரிந்தது. புரிந்தும் எனக்கு ஒன்றும் ஆகவில்லை. அத்தை ஒரு சொம்புத் தண்ணீரை அடுப்பில் ஊற்றினாள். புகை கூடம்வரை போயிற்று. கொல்லையில் ஆட்கள் நின்றதால் டீயை அங்கே கொட்ட வழியில்லை. அவளே மடமடவென்று குடித்துவிட்டு டம்ளரைக் கவிழ்த்தாள்.

அதற்குள் இரண்டு பெண்கள் வந்துவிட்டார்கள்.

"இழவு வூட்டுல அடுப்பு மூட்டினது யாரு?"

"நான்தான். மயக்கமா வந்துச்சு, தாங்கல," என்றாள் அத்தை. சாங்கியம் தப்பினால் சொந்த மருமகளையே வாசலில் நிற்கவைப்பவள் அவள்.

"பொண்ணு இன்னும் அழவே இல்லியே," என்றாள் ஒருத்தி.

"இங்க என் மடியில வுழுந்து அழுதாச்சு. நீங்க பாக்கல, நான் பாத்தேன்."

பாடை எழும்பியபோது என் தலையை இழுத்து, முகம் யாருக்கும் தெரியாதபடி தன் தோளில் புதைத்துக்கொண்டாள். அவள் உடம்பு குலுங்கிக்கொண்டிருந்தது. தெருமுனை திரும்பும்வரை என்னை விடவில்லை. பார்த்தவர்களுக்கு அழுவது நான் என்றே பட்டிருக்கும்.