வெறும் கிண்ணத்தில் சாப்பிட்டவள்

பிளீச் வாசமும் பழைய சீட் துணியின் புழுக்க வாசமும் கலந்து... பலேர்மோவுக்கு வந்த புதிதில் என் உடம்பு முழுக்க அதுதான். ஒரு சின்ன சினிமா ஹோலில் கூட்டித் துடைக்கும் வேலை.

மனைவியும் ஆறு வயது மகளும் மன்னாரில் இருந்தார்கள். நான் அனுப்பியதெல்லாம் நான் வருவதற்கு வாங்கிய கடனுக்கே போய்க்கொண்டிருந்தது.

ஹோலில் ஓடும் படம் ஒன்றும் எனக்கு விளங்காது. 'சிஞ்ஞோரா', 'பெர்மெஸ்ஸோ' தாண்டி இத்தாலியன் தெரியாத காலம். ஒரு நாள் பழைய ஜப்பான் படம் ஒன்று போட்டார்கள். கறுப்பு வெள்ளை. பேச்சே இல்லை. அப்பாடா, எனக்கும் விளங்குகிற மாதிரி ஒரு படம் என்று கூட்டுகிற தும்புத்தடியோடு கடைசி வரிசைக்குப் பின்னால் நின்றேன்.

படத்தில் அப்பாவுக்கு வேலை போய்விட்டது. அம்மா பானையைச் சுரண்டி அவருக்கும் பிள்ளைகளுக்கும் சோறு போடுகிறாள். பிறகு அவர்களுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்து, வெறும் கிண்ணத்தில் குச்சியை ஆட்டி ஆட்டிச் சாப்பிடுகிறாள்... வாயும் மெல்லுகிறது.

முன்வரிசையில் சிலர் சிரித்தார்கள். பகிடிப் படம் என்று நினைத்திருப்பார்கள், பாவம். எனக்கு மனைவியின் முகம்தான் தெரிந்தது.

ஞாயிற்றுக்கிழமை பல்லரோ சந்தையில் டெலிபோன் கடைக்குப் போய் மனைவிக்கு எடுத்தேன்.

"சாப்பிட்டியளோ?"

"ஓம், சாப்பிட்டாச்சு. நீங்கள்?"

ஒவ்வொரு கிழமையும் இதே பதில்தான். அன்றைக்கு விடவில்லை.

"என்ன கறி?"

"கறியோ... கறி..." என்று இழுத்தாள். அதற்குள் மகள் போனைப் பறித்துவிட்டாள்.

"அப்பா, அம்மா எனக்கு முட்டை பொரிச்சுத் தந்தவா. தான் தேத்தண்ணி மட்டும்தான் குடிச்சவா."

கடையின் கண்ணாடிக் கூண்டுக்குள் நின்று அழுதேன். வெளியே சந்தை முழுக்கச் சனம். ஒருவரையும் தெரியாது.

அடுத்த நாளே ஒரு மீன்கடையில் விடியற்காலை வேலையும் பிடித்தேன். அதன்பிறகு போன் எடுத்தால் முதலில் மகளைத்தான் கேட்பேன். "அம்மா என்ன சாப்பிட்டவா?"

சில வருடங்களில் இருவரும் வந்து சேர்ந்தார்கள். பலேர்மோவிலேயே ஒரேத்தோ பக்கம் வீடு எடுத்தோம். சமையல் என் பொறுப்பு. மனைவியின் தட்டு நிறையும்வரை நான் உட்காரமாட்டேன். "காணும், காணும், விடுங்கோ!" என்று கத்துவாள்.

இப்போது மகள் மிலானோவில். பேரனைப் பார்க்கப் போன மனைவியும் மாதக்கணக்காக அங்கேதான். வீட்டில் நான் மட்டும்... மூன்று பேருக்கு அரிசி போட்டுப் பழகிய கைக்கு, ஓராளுக்கு எவ்வளவு என்று இன்னும் பிடிபடவில்லை.

ஒவ்வொரு நாளும் சோறு மிஞ்சுகிறது.