நான் எழுதாத மகாநூல்

தனியாக ஒரு மணி நேரம் உட்கார எனக்கு ஒரு புத்தகம் தேவைப்பட்டது. படிக்க அல்ல, எழுதுவதாகச் சொல்லிக்கொள்ள.

சிங்காநல்லூரில் எங்கள் வீடு மரியாதையான வீடு. மூச்சு முட்டும் மரியாதை. கல்லூரியில் இயற்பியல் நடத்திவிட்டு நாலரைக்கு வந்து, "கொஞ்ச நேரம் தனியா இருக்கேனுங்க" என்றால் தீர்ந்தது. மாமியார் காபியோடு வந்து நிற்பார். "ஏன் கண்ணு, யாராச்சும் ஏதாச்சும் சொல்லிப்போட்டாங்களா?" பின்னாலேயே மாமனார், மாத்திரை வேண்டுமா என்று. கடைசியாகக் கணவர் வந்து கட்டிலில் உட்கார்ந்து, தனியாக இருக்கும் எனக்குத் துணை இருப்பார். இவர்களில் ஒருவரையாவது கோபித்துக்கொள்ள முடிகிறதா? அதுதான் எரிச்சல்.

ஒருநாள் பொறுக்கமாட்டாமல் சொல்லிவிட்டேன். "புக்கு எழுதறேனுங்க."

"என்ன புக்கு அம்மணி?" என்றார் மாமனார்.

அன்று காலை வகுப்பில் நிலை அலைகள் நடத்தியிருந்தேன். பக்கத்து வீட்டில் யாரோ வீணை பழகிக்கொண்டிருந்தார்கள். எதிர்ச் சுவரில் மாமியாரின் ஸ்ரீசக்கரப் படம். மூன்றையும் ஒரே மூச்சில் கட்டினேன். "நாதம், அணு, சக்கரம். சங்கீதம், பிசிக்ஸ், யந்திரக் கோலம் மூணும் அடியில ஒண்ணுதான்னு நிரூபிக்கிற ஆராய்ச்சி நூலுங்க. மூணு பாகம்."

வீடு அடங்கிப்போனது. மறுநாள் முதல் நாலரைக்கு மாடி அறைக் கதவைச் சாத்தினால் ஐந்தரை வரை மிக்ஸி ஓடாது. டி.வி. ஊமையாகிவிடும். வாசலில் வந்த கொத்தமல்லிக்காரரைக்கூட மாமனார் சைகையால் பேரம் பேசி அனுப்பினார். உள்ளே நான் என்ன செய்தேன்? காலை நீட்டிப் படுத்தேன். நிலக்கடலை தின்றேன். பல நாள் அருமையாகத் தூங்கினேன்.

சாப்பிடும்போது மட்டும் கணக்குக் கேட்பார்கள். "இப்ப எங்க போயிட்டிருக்கு அம்மணி?"

"தம்பூராவுல இருந்து மூலாதாரத்துக்குப் போயிட்டிருக்கேனுங்க மாமா."

"தூரமா?"

"பாதி வந்தாச்சுங்க."

நம்பாதவர் கொழுந்தன் ஒருவர்தான். பம்ப் மோட்டார் பட்டறை வைத்திருப்பவர், எதையும் கழற்றிப் பார்த்தால்தான் தூக்கம் வரும். "ஒரு சாம்பிள் காட்டுங்க அண்ணி" என்று மடக்கினார். அவர் பட்டறையிலேயே, வீட்டார் எல்லோர் முன்னாலும், ஒரு ஸ்பீக்கரின் மேல் மெல்லிய தகட்டைப் பொருத்தச் சொல்லி, அதில் ரவையைத் தூவி, போனிலிருந்து ஒரே சுருதியை ஒலிக்கவிட்டேன். ரவை துள்ளி ஓடி, கோடு கோடாக ஒதுங்கி, எட்டு இதழ்க் கோலமாக நின்றது. முதலாம் ஆண்டுப் பிள்ளைகளுக்குத் தெரிந்த சோதனைதான். மாமனார் செருப்பைக் கழற்றிவிட்டுக் கும்பிட்டார். மாமியார் அந்த ரவையைக் கொட்ட மனமில்லாமல் கேசரி கிண்டிப் பிரசாதமாகக் கொடுத்தார். வெட்கமாகத்தான் இருந்தது. இரண்டு கிண்ணம் சாப்பிட்டேன்.

பிறகு அந்தக் கொழுந்தனுக்கே கல்யாணம் கூடிவந்தது. பெயருக்குக் கீழே ஏதாவது ஒரு பெருமை போடாமல் எங்கள் பக்கம் பத்திரிகை அடிப்பதில்லை. என் பெயருக்குக் கீழே 'மகாநூல் ஆசிரியர்' என்று போட்டார்கள். அதோடு விட்டிருக்கலாம். வந்தவர்களுக்குத் தாம்பூலப் பையில் எங்கள் கிணத்துக்கடவுத் தோப்புத் தேங்காய் போட்டுக் கொடுப்பது வீட்டு வழக்கம். உறவு முழுக்கக் கூடியிருந்தபோது மாமனார் எழுந்து சொன்னார், "தேங்கா எல்லாரும்தான் குடுக்கறாங்க. நாம அம்மணி எழுதின புக்கக் குடுத்துப்போடலாம். மொதப் பாகம் போதும்." எல்லோரும் கை தட்டினார்கள்.

கல்யாணத்துக்கு ஒரு மாதம் இருந்தது. நூல் இல்லை என்று தெரிந்தால் மானம் போகும், போகட்டும். அந்தக் கதவு போய்விடுமே என்பதுதான் என் கவலை. நாளெல்லாம் பத்துப் பேருக்கு நல்லவளாக இருந்துவிட்டு ஒரு மணி நேரம் யாருக்கும் எதுவுமாக இல்லாமல் கிடந்தேனே, அது போய்விடும். பயத்தில் ஒரு வாரம் நிஜமாகவே உட்கார்ந்து எழுதினேன். தம்பூராவைப் பற்றி ஒன்றரைப் பக்கம் தேறியது. மூலாதாரம் மசியவில்லை.

ஞாயிற்றுக்கிழமை சமையலறையில் மாமியார் அரசாணிக்காயை நறுக்கிக்கொண்டிருந்தார். பக்கத்தில் உட்கார்ந்து ஒரேயடியாகச் சொல்லிவிட்டேன். "அத்தை, புக்கெல்லாம் ஒண்ணுமில்லீங்க. உள்ள போயி சும்மா படுத்திருந்தேனுங்க."

அவர் கத்தியை நிறுத்தவில்லை. "தெரியுங் கண்ணு. உன்ற கொறட்டை கீழ வரைக்கும் கேக்குது."

எனக்கு முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியவில்லை. "அப்பறம் ஏனுங்க அத்தை யாருகிட்டயும் சொல்லல?"

அவர் முன்னறையை எட்டிப் பார்த்தார். மாமனார் பேப்பருக்குள் இருந்தார். "தேங்காயே போட்டுக்கலாம். புக்கு பெருசாப் போச்சு, இன்னும் ரெண்டு வருசம் ஆகும்னு மாமாகிட்ட நான் சொல்லிக்கறேன்" என்றார். பிறகு குரலை இறக்கினார். "அதுல சக்கரம், பூசையெல்லாம் வருதில்ல? அந்தப் பாகத்துக்கு அத்தை ஒத்தாசை வேணும்னு நீ ஒரு வார்த்தை சொல்லிப்போடு கண்ணு. கண்ணாலமாகி நாப்பது வருசமாச்சு. நானும் ஒரு நாளைக்காச்சும் கதவச் சாத்திப்போட்டுச் சும்மா படுத்துப் பாக்கோணும்."

அன்று சாப்பாட்டின்போதே எல்லோரிடமும் சொல்லிவிட்டேன். மூன்றாம் பாகம் முழுக்க அத்தையுடையது. நாலரையிலிருந்து ஐந்தரை வரை எனக்கு அறை, ஐந்தரையிலிருந்து ஆறரை வரை அவருக்கு.