செல்வி கேட்ட காட்சி

தொண்ணூறுகளில் மைசூர் ஹெப்பாளில் தொழிற்சாலைகள் எழுந்துகொண்டிருந்தன. அவற்றைக் கட்ட வந்த தமிழ்க் குடும்பங்களைப் பற்றித்தான் என் முதல் ஆவணப்படம். எடுக்க வேண்டியவற்றை முன்பே பட்டியலிட்டிருந்தேன்: ஒழுகும் குடிசை, குழாயடி வரிசை, சித்தாள் செல்வியின் வெடித்த கைகள். எல்லாம் நினைத்தபடியே கிடைத்தன.

வெளியே திரையிடுவதற்கு முன் அவர்களுக்குக் காட்ட விரும்பினேன். ஒரு ஞாயிறு பிற்பகல், வாடகை டிவியை அவர்களுடைய கொட்டகைக்கே கொண்டுபோனேன். தங்களைத் திரையில் கண்டதும் ஒரே கேலியும் சிரிப்பும். செல்வி மட்டும் சிரிக்கவில்லை.

"நான் வர்ற எடத்தையெல்லாம் வெட்டிடுங்கக்கா. எம்மவ ஸ்கூலுக்குப் போறா. இதப் பாத்தா அவளத்தான் கிண்டல் பண்ணுவாங்க."

அவள் இல்லாமல் படமே இல்லை. ஆனாலும் சரி என்றேன்.

சற்றுப் பொறுத்து அவளே கேட்டாள். "ஏன்க்கா, நான் கட்டுன கட்டடம் ஒண்ணுகூட இதுல இல்லையே?"

"ஆமா, இவதான் பெரிய மேஸ்திரி!" என்றாள் பக்கத்தில் இருந்தவள்.

"பின்ன, ஜல்லியும் சிமெண்டும் தானா மேல ஏறிச்சாக்கும்?"

கட்டடம் கட்டுபவர்களைப் பற்றி எடுக்கப்பட்டதுபோலவே இல்லை என் படம். என் பட்டியலில் ஒரு கட்டடமும் கிடையாது. அன்றே கேமராவுடன் கிளம்பினோம்; செல்வி தன் மகளையும் கூட்டிக்கொண்டாள். கட்டி முடித்த தொழிற்சாலை ஒன்றின் வாசலில், நாங்கள் கட்டியது இது என்று செல்வி கன்னடத்தில் சொல்ல, காவலாளி கேட்டைத் திறந்தார். மகளை மாடிப்படிக்கு அழைத்துப்போய், "இது அம்மா போட்ட படி" என்றாள். சிறுமி ஒவ்வொரு படியிலும் குதித்து ஏறினாள்.

"இதச் சேத்தீங்கன்னா மத்ததும் இருக்கட்டுங்கக்கா" என்றாள் செல்வி.

படம் அந்தப் படிக்கட்டில்தான் தொடங்குகிறது. இப்போதும் பட்டியலோடுதான் படப்பிடிப்புக்குப் போகிறேன். முதல் வரியை மட்டும் காலியாக விட்டு, அங்கிருப்பவர்களைக் கேட்டு எழுதிக்கொள்கிறேன்.