கோசலை எடுக்காத ஆலாத்தி

கோசலை ஒரு காலத்தில் நடிகை என்று சொன்னால் பாரிசின் லா ஷப்பலில் ஒருவரும் நம்பமாட்டார்கள். லூயி-பிளாங் தெருவில் ஒரு சாப்பாட்டுக் கடையின் குசினியில் வடை தட்டுகிற மனுசி அவள். ஆனால் தொண்ணூறுகளின் தொடக்கத்தில், ஜெர்மனியில் அகதிகளாக வந்த நம்மவர்கள் படம் எடுக்கத் தொடங்கிய புதிதில், அவள்தான் கதாநாயகி. காரில் வந்திறங்கிய நடிகை என்று நினைத்துவிட வேண்டாம். கலியாண வீடியோ எடுக்கிற இரத்தினத்தின் கமெரா, அகதி முகாமின் சமையலறை, இரவல் சேலை. அவ்வளவுதான்.

மூன்றாவது படத்தில் விதவை வேடம். வெறும் நெற்றியோடு அவள் அழுத முகம் வீடியோ கசெற் மட்டையில் ஐரோப்பா முழுக்கச் சுற்றியது. நன்றாக அழுததுதான் வினையாகப் போயிற்று. பிறகு ஒரு கலியாண வாசலில் குங்குமத் தட்டோடு நின்றவளின் கையிலிருந்து ஒரு பெரியம்மா தட்டைப் பறித்தாள். முகராசி சரியில்லையாம்! கமெராவோடு நின்ற இரத்தினம் அதைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

பாரிசுக்குக் கலியாணமாகி வந்தபோது, அந்தக் கசெற்றில் இருப்பது நீர்தானோ என்று கணவன் குகதாசன் கேட்டான். என்னைப்போல வேறொருத்தி என்றாள். முப்பது வருடமாக அந்தப் பொய்யும் அவர்களோடு ஒரே வீட்டில் குடியிருந்தது.

போன வாரம் இரத்தினம் கடைக்கு வந்தார். நன்றாகக் கிழண்டிவிட்டார்.

“என்னைத் தெரியுதே பிள்ளை? முதல் படத்திலை...”

கடை நிறையச் சனம்.

“நீங்கள் ஆளை மாறிக் கதைக்கிறியள், ஐயா.”

மனுசன் மன்னிப்புக் கேட்டுவிட்டு, தேத்தண்ணியையும் குடிக்காமல் எழுந்து போனார். அதற்குப் பிறகுதான் முதலாளி கரிகாலன் விஷயத்தைச் சொன்னார். ஞாயிற்றுக்கிழமை திரான்சியில் இரத்தினத்தின் மகளுக்குக் கலியாணமாம். தன் முதல் பட நாயகிதான் மணமக்களுக்கு ஆலாத்தி எடுக்க வேண்டும், அன்றைக்குப் பறித்த தட்டை அவள் கையில் திருப்பிக் கொடுக்க வேண்டும் என்று தேடி வந்தாராம். கடையில் வேலை செய்கிற எல்லாரையும் வரச்சொல்லிவிட்டுப் போனாராம். கோசலையை வெட்கம் பிடுங்கித் தின்றது.

குகதாசனையும் கூட்டிக்கொண்டு போனாள். அவன் முன்னாலேயே உண்மையைச் சொல்லிவிடுவது என்ற முடிவு. வழி முழுக்க வாய்க்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டாள்.

மணவறையில் ஆலாத்தித் தட்டின் ஒரு பக்கம் ஒரு பெண் நின்றாள். மறுபக்கம் ஆளில்லை. கோசலையைக் கண்டதும் இரத்தினத்தின் முகம் மலர்ந்தது. பக்கத்தில் கணவன் நிற்பதைப் பார்த்ததும் மனுசன் எல்லாவற்றையும் விளங்கிக்கொண்டார். அவள் வாய் திறக்குமுன் அவரே முந்திக்கொண்டார்.

“தம்பி, உம்மடை மனிசியை ஆரோ நடிகை எண்டு நினைச்சு, ஆக்களுக்கு முன்னாலை கதைச்சுப்போட்டன். இவ அவ இல்லை. குறை நினைக்காதையுங்கோ.”

இல்லை அண்ணை, நான்தான் என்று சொன்னால் போதும். 

“பரவாயில்லை ஐயா” என்றாள்.

இரத்தினம் தலையாட்டிவிட்டு, யாரோ ஒரு மச்சாளைத் தட்டுக்குக் கூப்பிட்டார்.

திரும்பி வரும்போது ரயிலில் குகதாசன் சொன்னான்.

“பாவம் அந்த மனுசன். அந்த நடிகை வந்திருந்தால் எவ்வளவு சந்தோசப்பட்டிருப்பார், என்ன?”