வெறுங்காற்று மாதம்

ரமாபாய்க்கு எழுத்தாளர் ஆகும் எண்ணமெல்லாம் இருந்ததில்லை. மணலி போகும் சாலையில் கண்டெய்னர் லாரிகளை எடை போடும் மேடையில் சீட்டு அடித்துக் கொடுப்பது அவள் வேலை. ஒரு லாரி இறங்கி அடுத்தது ஏறுவதற்குள் நாலு நிமிஷம் கிடைக்கும். அந்த நாலு நிமிஷத்தில் மற்றவர்கள் டீ குடிப்பார்கள். ரமாபாய் செல்போனில் ஒரு உலகத்தைப் படைத்துக்கொண்டிருந்தாள். அவள் பிறந்தது புளியந்தோப்பு, வாழ்க்கைப்பட்டது எண்ணூர், படைத்த உலகத்துக்குப் பெயர் வேழினி. அங்கே இரண்டு நிலா, பறக்கும் எருமைகள், வாளெடுத்த ஒரு ராணி. கதை படிக்கும் செயலி ஒன்றில் வாரம் ஒரு அத்தியாயம் போட்டு வந்தாள்.

ராணி எந்த மாதம் முடிசூடினாள் என்று ஒரு வாசகர் கேட்டு வைத்தார். சித்திரை என்று பதில் போட்டாள். இரண்டு நிலா இருக்கிற ஊரில் சித்திரை எப்படி வரும் என்று இன்னொருவர் மடக்கினார். ரமாபாய்க்கு ரோஷம் பொத்துக்கொண்டு வந்தது. அந்த ஞாயிற்றுக்கிழமையே சமையல் அறை ஜன்னலோரம் உட்கார்ந்து, வேழினிக்கென்று ஒரு நாட்காட்டி போட்டுவிட்டாள்.

வேழினியில் மாதத்துக்கு இத்தனை நாள் என்ற கணக்கே கிடையாது. வாசம் மாறும்வரை ஒரு மாதம். மோப்பர் என்ற குருமார் கோபுரத்தில் ஏறி, மூக்கை நீட்டி, "பிறந்தது!" என்று கூவினால் மாதம் பிறந்துவிடும். முதல் மாதம் முட்டைக்காற்று. ஊரெல்லாம் அழுகிய முட்டை நாறும். அடுத்தது கண்கரிப்பு; அந்த மாதத்தில் யார் அழுதாலும் காரணம் கேட்கக் கூடாது என்பது சட்டம். சாம்பல் மாதத்தில் வெளியே துணி காயப்போட்டால் தண்டனை. இப்படி எட்டு மாதம். ஒன்பதாவது வெறுங்காற்று; அதற்கு மட்டும் கணக்கு உண்டு, ஐந்தே ஐந்து நாள். அதில் எந்த வாசமும் இல்லை. சனங்கள் கதவு ஜன்னலெல்லாம் திறந்து போட்டுவிட்டு மூச்சு விடுவார்கள். பண்டிகை அவ்வளவுதான்.

வாசகர்கள் அசந்து போனார்கள். ரூம் போட்டு யோசிப்பீர்களா என்று மதுரையிலிருந்து ஒருவர் கேட்டார். ரூம் இருந்தது, தகர ஷீட் போட்டது. அதன் ஜன்னல் தொழிற்சாலைப் பக்கம் திறந்திருந்தது.

அவள் புருஷன் அன்பரசன் டிரெய்லர் ஓட்டுகிறவன். நாட்காட்டியைப் படித்துவிட்டு, "இன்னாம்மே, நம்ம தெருவ எய்தி வச்சிகினு கதைன்னு சொல்லிகினு கீற?" என்றான்.

"கம்முனு கெட. மதுரைல கீறவனுக்கு இன்னா தெரியும்?"

பத்து நாள் கழித்து அவனே, "போன கண்கரிப்புல வாங்குன செருப்பு, அதுக்குள்ள பிஞ்சிபோச்சி" என்று சாதாரணமாகச் சொன்னான். அவள் சிரிப்பை அடக்கிக்கொண்டாள்.

அப்போதுதான் ஜோபின் என்ற பதிப்பாளர் நுங்கம்பாக்கத்திலிருந்து கூப்பிட்டார். வேழினியைப் புத்தகமாகப் போடுகிறாராம். ரமாபாய்க்குக் கால் தரையில் நிற்கவில்லை. அவள் பெயர் ஆயுளில் ஒரே ஒரு தடவை அச்சேறியது கல்யாணப் பத்திரிகையில். அதிலும் ஒரு கால் கூடுதலாகப் போட்டு 'ராமாபாய்' ஆக்கியிருந்தார்கள். இந்தத் தடவையாவது சரியாக வர வேண்டுமென்று அவள் மனசு அடித்துக்கொண்டது.

"ஒரே ஒரு திருத்தம் மேடம்," என்றார் ஜோபின். "எட்டு மாசமும் பிரமாதம், அபாரமான கற்பனை. இந்த ஒன்பதாவதை மட்டும் எடுத்துடலாம். சும்மா காத்து எல்லா ஊர்லயும்தான் அடிக்குது. அதுல கற்பனையே இல்லையே. அதோட இருந்தா புத்தகம் நிக்காது, எங்களால போட முடியாது."

ஒரு நாள் அவகாசம் கேட்டாள். ஐந்து நாள்தானே, போனால் போகிறது என்று அழித்தும் பார்த்தாள். எட்டாம் மாதம் முடிந்த கையோடு சனங்கள் மறுபடி முட்டைக்காற்றுக்குள் போய் விழுந்தார்கள். இடையில் ஒரு மூச்சு கூட இல்லை. பாவி மனுஷன், அதையும் பிடுங்கச் சொல்கிறானே என்று வயிறு எரிந்தது. அழித்ததைத் திரும்ப எழுதினாள்.

மறுநாள் எடைமேடையிலிருந்தே பேசினாள். "புக்கு வரலன்னாலும் பரவால்ல சார். அந்த மாசத்த எடுக்க மாட்டேன்."

"அதுல அப்படி என்ன மேடம் இருக்கு?"

"அது ஒண்ணுதான் சார் நான் கற்பனை பண்ணது. மத்த எட்டும் ஜன்னலத் தொறந்தா வருது."

அந்தப் பக்கம் ஜோபின் விழுந்து விழுந்து சிரித்தார். "செம மேடம்! வாயத் தொறந்தாலே கற்பனைதான் உங்களுக்கு. சரி, இருந்துட்டுப் போகட்டும்." அவள் வேடிக்கையாக எதுவும் சொல்லவில்லை. ஆனாலும் அந்தச் சிரிப்பில்தான் ஐந்து நாளும் பிழைத்தன. தராசில் அடுத்த லாரி ஏறி ஹாரன் அடித்தது.

மூன்று மாதத்தில் புத்தகம் தபாலில் வந்தது. அட்டையில் ரமாபாய் என்று கால் கூடாமல் குறையாமல் இருந்தது. அதைத் தடவித் தடவிப் பார்த்தாள், கண் கலங்கியது. அன்பரசன் வாங்கித் திருப்பிப் பின்னட்டையை எழுத்துக்கூட்டி வாசித்தான்: 'ஆசிரியர் எந்நேரமும் கற்பனை உலகிலேயே வாழ்பவர்.'

"அப்டியே போட்டுக்கீறான்மே," என்று மூக்கைப் பொத்திக்கொண்டே சொன்னான். "மொதல்ல அந்த ஜன்னல சாத்து. முட்டைக்காத்து பொறந்துட்ச்சி."