ஜாய்சி பார்க்காத முகம்

தலைமைக் காவலர் ஜாய்சி பாளையங்கோட்டையில் சைபர் பிரிவில் இருந்தபோது ஒரு படம் வந்தது. பிள்ளைகளைச் சீரழித்துப் படமெடுத்து விற்கும் கும்பலொன்றை ஐந்து நாட்டுப் போலீஸ் சேர்ந்து துரத்திக்கொண்டிருந்தது. எங்கோ வெளிநாட்டில் சிக்கிய கணினியில் கிடைத்த படம் அது. பிள்ளையை நீக்கிவிட்டு வெறும் அறையை மட்டும் அனுப்பியிருந்தார்கள். ஒன்பது வயதுப் பெண்பிள்ளை, சுவரில் தமிழ்க் காலண்டர், இன்னும் அங்கேதான் இருக்கிறாள் போலிருக்கிறது. இவ்வளவுதான் குறிப்பு.

தமிழ்நாட்டில் காலண்டர் தொங்காத வீடு எது? இன்ஸ்பெக்டர் குமரகுருபரன் தலையில் கைவைத்துவிட்டார். ஜாய்சி மட்டும் படத்தில் வாசல் நிலைக்கு மேலே செருகியிருந்த குருத்தோலைச் சிலுவையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

அவள் விடுதியில் படித்த காலத்தில், குருத்தோலை ஞாயிறு வந்தால் கடற்கரை ஊர்ப் பிள்ளைகளுக்குள் குடுமிப்பிடிச் சண்டைதான். ஓலையில் சிலுவை கட்ட ஊருக்கு ஒரு முடிச்சு, அவரவர் ஊர் முடிச்சுதான் அழகு. ஓலையின் அடியை மீன்வாலாகக் கிழித்துவிடுவது ஒரே ஓர் ஊர். படத்திலும் அதே மீன்வால்.

"சார், இது கூடங்குளத்துக்குக் கிழக்க உள்ள ஊரு. அவங்க மட்டுந்தான் இப்படிக் கெட்டுவாங்க."

"ஏம்மா, ஓலைய வச்சு ஊரச் சொல்லுத. தப்பாப் போச்சுன்னா?"

"தப்புன்னா என்னைய ஏசுங்க சார். சரின்னா அங்கன ஒரு பிள்ள காத்துக் கெடக்கு."

நான்காம் நாள் அந்த ஊரிலேயே பிள்ளை கிடைத்தாள். மீட்கப் போனது வேறு குழு; ஜாய்சி அவள் முகத்தைப் பார்க்கவில்லை. படமெடுத்தவனைப் பிடித்த அதே காலையில் மற்ற நாடுகளிலும் கும்பல்காரர்களின் கதவுகளைத் தட்டினார்கள். ஜாய்சி அலுவலகக் கழிவறையில் குழாயைத் திறந்துவிட்டு அழுதாள்.

பிள்ளையின் பெயரை யாரிடமும் சொல்லக் கூடாதென்பது சட்டம். பள்ளிக்கூடம் பள்ளிக்கூடமாகப் போய் அதை விளக்குகிறவளே ஜாய்சிதான். ஆனாலும் மனசு கேட்டால்தானே! ஒரே ஒரு தடவை, தூரத்திலிருந்தாவது, அவள் சிரிப்பதைப் பார்க்க வேண்டும். இன்ஸ்பெக்டரைப் பிய்த்தெடுத்தாள்.

"நல்லா இருக்கா. இங்கனதான் படிக்கா. அதுக்கு மேல கேக்காத தாயி."

வாய்தவறி வந்த அந்த 'இங்கனதான்' அவளைப் படாத பாடு படுத்தியது. இரண்டு வருஷமாக, நகரப் பேருந்தில் ஏறும் பள்ளிப் பெண்களின் முகத்தையெல்லாம் துழாவினாள். நெற்றியில் தழும்புள்ளவளைக் கண்டாலும், ஓயாமல் பேசுகிறவளைக் கண்டாலும், இவளாக இருக்குமோ என்று தோன்றும்.

போன வாரம் ஒருத்தி, பதினோரு வயதிருக்கும், புத்தகப்பையை மார்போடு அணைத்துக்கொண்டு நேராகவே கேட்டுவிட்டாள்.

"ஆன்ட்டி, எதுக்கு என்னையவே பாக்கீங்க? எனக்குப் பிடிக்கல."

ஜாய்சிக்குக் காது சுட்டது. அன்று படத்திலிருந்த அந்தப் பிள்ளையையும் இப்படித்தான் யார் யாரோ, அவளுக்குத் தெரியாமல், பார்த்துக்கொண்டேயிருந்தார்கள். அதை நிறுத்தத்தானே இத்தனை நாட்டுப் போலீஸும் அலைந்தது!

"மன்னிச்சிரும்மா," என்று சொல்லி ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். அடுத்த நிறுத்தத்தில் பிள்ளைகள் கலகலவென்று இறங்கினார்கள். யாரோ ஒருத்தி விழுந்து விழுந்து சிரித்தாள். திரும்பிப் பார்க்கக் கழுத்து தவித்தது. ஜாய்சி பார்க்கவில்லை.